தப்பு காய்ச்சும் நேரம்

மாசி பிறந்து காமன் கூத்துக்குக் காமன் ஊன்றிவிட்டால் பசறை, லுணுகலை, மடுல்சீமைப் பக்கத்துத் தோட்டங்களில் இரவுத் தூக்கம் கிடையாது. ரதியும் மதனும் பொட்டலுக்கு வந்ததும் சுற்றி நிற்கிறவர்களின் கைகளில் முப்பது நாற்பது போன்கள் ஒன்றாக உயர்கின்றன. விடிவதற்குள் அத்தனையும் அரை நிமிடத் துண்டுகளாக முகநூலுக்குப் போய்விடுகின்றன. அடுத்த மாசிக்குள் போன் மாறுகிறது, மெமரி கார்ட் பழுதாகிறது, துண்டுகளும் அவற்றோடு போகின்றன. எங்கள் இசையைப் படம்பிடிக்க இன்று ஆள் பஞ்சமில்லை. பிடித்ததை உட்கார்ந்து கேட்டு, முதலும் முடிவும் கொடுத்துக் கோர்க்கத்தான் ஆள் இல்லை.

கோர்க்கிற அந்த வேலைதான் படத்தொகுப்பு. அதிலும் இசை ஆவணப்படத் தொகுப்பு தனியாகப் பழக வேண்டிய தொழில். அது எப்படி வளர்ந்தது, அதை நம்பியவர்கள் எப்படி வாழ்ந்தார்கள், பதுளை மாவட்டத்திலோ மொனராகலை மாவட்டத்திலோ லயத்தில் பிறந்த ஒரு பிள்ளை அதில் இறங்கலாமா என்பதைத்தான் இங்கே பார்க்கப் போகிறேன். கல்யாண வீடியோவில் கை பழகி, பிறகு கூத்தின் பக்கம் திரும்பியவன் நான். இந்தத் தொழில் எங்கள் பிள்ளைகளுக்கு வேண்டும் என்ற ஆசையோடுதான் எழுதுகிறேன்.

கதைப்படத் தொகுப்பாளர் கையில் திரைக்கதை இருக்கும். ஆவணப்படத் தொகுப்பாளருக்கு அது கிடையாது. பல மணி நேரப் பதிவுக்குள்ளிருந்துதான் கதையைக் கண்டெடுக்க வேண்டும். இசை என்று வந்துவிட்டால் இன்னொரு கட்டும் சேர்கிறது. பேச்சை நடுவில் வெட்டி ஒட்டினால் பெரும்பாலும் யாருக்கும் தெரியாது. தாளத்தை வெட்டினால் தெரிந்துவிடும். ஓர் அடி குறைந்தாலும் இசை படிக்காதவருக்குக்கூட எங்கோ கால் இடறியது போலிருக்கும். அதனால் இந்த வேலையில் முதலில் சத்தத்தை முழுதாக விரித்து வைத்துக்கொண்டு, அதன் மேல்தான் படத்தை அடுக்குகிறோம்.

இதில் சின்னக் கணக்கு ஒன்று உண்டு. இலங்கைத் தொலைக்காட்சி முறையில் நொடிக்கு 25 சட்டகம். ஒரு சட்டகத்துக்கு 40 மில்லி நொடி. அந்த நேரத்தில் ஒலி பதின்மூன்றரை மீற்றர் அளவுக்குத்தான் போகும். பொட்டலில் தப்பு அடிக்கிறவரை முப்பது மீற்றர் தள்ளி லயத்து வாசலில் நின்று எடுத்தால், குச்சி தோலில் பட்டு இரண்டு சட்டகம் கழித்தே சத்தம் வந்து சேரும். கண்ணுக்கு அது பிழையென்று தெரியாது. ஆனால் பார்க்கிறவருக்கு அடியில் உயிர் இல்லாதது போலத் தோன்றும். சத்தத்தை அந்த இரண்டு சட்டகம் முன்னுக்கு இழுத்துப் பொருத்தியதும் தப்பு எழுந்து நிற்கும். பழகாத கண் இதை நம்பாது, செய்து பார்த்தால்தான் தெரியும்.

என் முதல் காமன் கூத்துத் தொகுப்பில் நான்கு போன்களின் பதிவும் தனியே ஓர் ஒலிப்பதிவும் இருந்தன. எல்லாவற்றையும் முதல் அடியில் பொருத்திவிட்டு வேலை முடிந்ததென்று நினைத்தேன். ஒரு மணி நேரத்துக்குப் பிறகு வருகிற இடத்தில் படம் சத்தத்தைவிட ஒரு நொடிக்கு மேல் விலகி நின்றது. போன் நொடிக்கு முப்பது சட்டகம் என்று சொல்லும். பந்த வெளிச்சத்தில் அது தன்பாட்டுக்குக் குறைத்துக்கொள்ளும். எல்லாப் பதிவையும் முதலில் ஒரே சீரான சட்டக வேகத்துக்கு மாற்றிவிட்டுத்தான் வேலையைத் தொடங்க வேண்டும் என்ற பாடத்துக்கு மூன்று வாரம் கொடுத்தேன். இன்னொரு தொல்லை கோயில் ஒலிபெருக்கி. திருவிழா நேரத்தில் கூத்து வாத்தியாரிடம் பேச்சு எடுத்தால் பின்னால் சினிமாப் பாட்டு ஓடும். அவர் பேச்சில் ஒரு வரியை எடுத்தால் பின்னாலுள்ள பாட்டு துள்ளிக் குதிக்கும். அந்தப் பாட்டுக்கு உரிமைக்காரரும் வேறொருவர். பேச்சு எடுக்கும்போது ஒலிபெருக்கியை நிறுத்தச் சொல்ல வேண்டும் என்பது தொகுப்பு மேசையில் இருந்து பார்த்தவனுக்குத்தான் தெரியும். அதனால்தான் தொகுப்பாளரைப் படப்பிடிப்புக்கு முன்பே கூப்பிட்டுப் பேச வேண்டும் என்கிறேன்.

பொருத்தம் தவறினால் எவ்வளவு பெரிய கையும் கட்டுண்டுவிடும். 1972 ஜனவரியில் லொஸ் ஏஞ்சலிஸ் தேவாலயம் ஒன்றில் அரீதா பிராங்ளின் இரண்டு இரவு பாடினார். படம்பிடிக்க வந்தவர் சிட்னி பொலக், கதைப்படத்தில் பெயர் பெற்றவர். ஒவ்வொரு பதிவின் தொடக்கத்திலும் அடிக்க வேண்டிய கிளாப் பலகை அங்கே அடிக்கப்படவில்லை. படம் ஒரு பக்கம், பாட்டு ஒரு பக்கம், இரண்டையும் பொருத்த வழியில்லை. இசைத்தட்டு அதே ஆண்டு வெளிவந்து பெரும்புகழ் பெற்றது. படமோ பெட்டிக்குள் போனது. கணினி வந்த பிறகுதான் பொருத்த முடிந்தது. அப்போது பாடகியே திரையிடலுக்கு எதிராக நீதிமன்றம் போனார். ‘அமேசிங் கிரேஸ்’ மக்கள் பார்வைக்கு வந்தது 2018இல்; அதே ஆண்டுதான் அவர் மறைந்தார். ஒரு பலகை அடிக்காததும் உரிமையைத் தெளிவாக எழுதிக்கொள்ளாததும் 46 ஆண்டுகளைத் தின்றுவிட்டன.

இந்தத் தொழிலுக்கென்று ஒரு முகம் உண்டானது அதற்குச் சற்று முன்னால். 1969 ஆகஸ்டில் நியூயோர்க் மாநிலத்தில் நடந்த வூட்ஸ்டொக் விழாவில் நூறு மணி நேரத்துக்கும் மேற்பட்ட படச்சுருள் ஓடியது. அதைக் கோர்த்தவர்களில் முதன்மையானவர் தெல்மா ஸ்கூன்மேக்கர்; கூட இருந்தவர் இளைஞர் மார்ட்டின் ஸ்கோர்செசி. ஒரே திரையில் இரண்டு மூன்று படங்களைப் பக்கம் பக்கமாக வைத்து, பாடுகிறவரையும் கேட்கிறவரையும் ஒரே தாளத்தில் ஓடவிட்டார்கள். 1970இல் வந்த அந்தப் படத்தின் தொகுப்புக்கு ஒஸ்கார் பரிந்துரை கிடைத்தது. ஆனால் தொழிற்சங்கத்தில் உறுப்புரிமை இல்லாததால் நெடுங்காலம் ஸ்கூன்மேக்கருக்கு ஹொலிவூட் கதைப்படங்களில் வேலை கிடைக்கவில்லை. 1980இல் வந்த ஸ்கோர்செசியின் ‘ரேஜிங் புல்’ மூலம்தான் பாதை திறந்தது; அதற்கு ஒஸ்காரும் வாங்கினார். தொழிற்சங்கம் என்றால் என்னவென்று எங்கள் தோட்டத்தாருக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. உள்ளே இருப்பவருக்கு அது காப்பு, வெளியே நிற்பவருக்கு அது மூடிய கதவு.

‘வூட்ஸ்டொக்’ வந்த அதே 1970இல் வந்த ‘கிம்மி ஷெல்டர்’ எனக்கு இன்னும் நெருக்கமான படம். 1969 டிசம்பர் 6இல் அல்டமொண்டில் ரோலிங் ஸ்டோன்ஸ் பாடிக்கொண்டிருந்தபோது கூட்டத்தில் மெரடித் ஹண்டர் என்ற இளைஞர் கத்தியால் குத்திக் கொல்லப்பட்டார். அது படச்சுருளில் பதிவாகியிருந்தது. அதை எப்படிக் காட்டுவது? தொகுப்பாளர் ஷார்லட் ஸ்வெரின் ஒரு வழி கண்டார். பாடகர்களையே தொகுப்பு மேசை முன் உட்காரவைத்து அந்தப் பதிவைப் பார்க்கச் செய்து, பார்க்கிற அவர்கள் முகத்தைப் படத்துக்குள் கொண்டுவந்தார். இயக்குநர்கள் என்று மேசல்ஸ் சகோதரர் இருவர் பெயரோடு ஸ்வெரின் பெயரும் சேர்ந்தே வருகிறது. பிற்பாடு 1988இல் ஜாஸ் கலைஞர் தெலோனியஸ் மங்க் பற்றிய படத்தை அவரே இயக்கினார். தொகுப்பில் தொடங்கி இயக்கத்துக்குப் போவது இந்தத் தொழிலில் பலரும் நடந்த வழி. கதை எங்கே இருக்கிறது என்று முதலில் கண்டுபிடிக்கிறவர் தொகுப்பாளர்தானே.

அண்மைக் காலத்தில் இந்தத் தொழிலுக்குப் புதிய மதிப்பைக் கொடுத்திருப்பது பழைய பெட்டிகள். 1969 கோடையில் ஹார்லெமில் நடந்த கறுப்பின மக்களின் இசை விழாவை ஹால் டல்சின் ஏறக்குறைய 40 மணி நேரம் பதிவு செய்து வைத்திருந்தார். வாங்க ஆளில்லாமல் அரை நூற்றாண்டு கிடந்த அந்தப் பதிவிலிருந்து 2021இல் ‘சம்மர் ஒஃப் சோல்’ வந்தது. தொகுத்தவர் ஜோஷுவா பியர்சன். அடுத்த ஆண்டு சிறந்த ஆவணப்படத்துக்கான ஒஸ்காரையும் பெற்றது. பீட்டில்ஸ் குழுவின் 1969 ஜனவரிப் பதிவுகள் 60 மணி நேரப் படமும் 150 மணி நேர ஒலியும். ஜேபஸ் ஒல்சன் தொகுத்து, ஏறத்தாழ எட்டு மணி நேரத் தொடராக 2021இல் வந்தது. இவற்றைச் சொல்வதற்குக் காரணம் உண்டு. யாரோ சுருளைப் பத்திரப்படுத்தினார்கள், அதனால்தான் பின்னால் வந்த தொகுப்பாளருக்கு வேலை இருந்தது. நாங்கள் போனில் பிடிப்பது ஐம்பது மாதம்கூடத் தங்குவதில்லை.

எங்களுக்குப் பக்கத்தில் வருவோம். சத்யஜித் ராய் 1976இல் பரதநாட்டியக் கலைஞர் பாலசரஸ்வதியைப் பற்றி எடுத்த ‘பாலா’ படத்தைத் தொகுத்தவர், ராயின் படங்களை எல்லாம் தொகுத்த துலால் தத்தா. ஆடுகிறவரை நீண்ட நேரம் வெட்டாமல் பார்க்கவிடுகிற படம் அது. வெட்டாமல் இருப்பதும் தொகுப்பாளரின் முடிவுதான், இதைப் புரிந்துகொள்ள எனக்குச் சில வருடங்கள் ஆயின. ஆனந்த் பட்வர்தன் தன் படங்களைத் தானே தொகுக்கிறவர். 1997 ஜூலையில் மும்பை ரமாபாய் நகரில் பொலிஸ் சுட்டுப் பத்துப் பேர் இறந்தபின், மனம் உடைந்து உயிரை மாய்த்துக்கொண்ட பாடகர் விலாஸ் கோக்ரேயிலிருந்து தொடங்கும் அவருடைய ‘ஜெய் பீம் காம்ரேட்’ முடிவதற்குப் பதினான்கு ஆண்டுகள் பிடித்தன. தலித் பாடகர்களின் பாட்டு அதில் அலங்காரத்துக்கு வருவதில்லை, வாதமே பாட்டுத்தான்.

தோட்டத்துப் பிள்ளைகள் தேடிப் பார்க்க வேண்டிய படம் என்று ஒன்றை மட்டும் சொல்லச் சொன்னால், அனுஷ்கா மீனாட்சியும் ஈஸ்வர் ஸ்ரீகுமாரும் 2017இல் எடுத்த ‘கோ கி பா லூ’வைச் சொல்வேன். நாகாலாந்தின் பேக் ஊரில் மலைச்சரிவு வயல்களில் கூட்டமாக வேலை செய்கிறவர்கள் மண்ணைக் கொத்தியபடியே பல குரல் சேர்த்துப் பாடுகிறார்கள். அதில் பாட்டையும் வேலையையும் பிரிக்க முடியாது. மண்வெட்டி விழுகிற இடமும் மூச்சு வாங்குகிற இடமும் தாளத்துக்குள் இருக்கின்றன. கொழுந்து மலையில் நிரை பிடித்து நிற்கும் எங்கள் பெண்கள் ஒருவரையொருவர் கூப்பிடுகிற குரலை இப்படி யாராவது முழுதாகக் கேட்டுத் தொகுத்திருந்தால் என்ன என்று அந்தப் படம் முழுவதும் எண்ணிக்கொண்டிருந்தேன். இலங்கைத் தமிழிசைக்கு நெருங்கிய முயற்சி அம்ஷன் குமாரின் ‘யாழ்ப்பாணம் தட்சிணாமூர்த்தி’. 1975இல் மறைந்த தவில் மேதையைப் பல பத்தாண்டுகள் கழித்துத் தேடிப்போன அந்தப் படம் இந்தியாவின் 63ஆவது தேசிய விருதுகளில் கலை, பண்பாட்டுப் பிரிவில் பரிசு பெற்றது. எங்கள் தப்புக்கு உறவான பறையைப் பற்றி அமெரிக்க இசை ஆய்வாளர் சோ ஷெரினியன் தமிழ்நாட்டில் 2011இல் எடுத்த படத்தின் தலைப்பே ‘இது ஓர் இசை’ என்ற பொருளில் அமைந்தது. சாவு மேளம் என்று ஒதுக்கப்பட்ட ஒன்றை இசையென்று சொல்ல ஒரு படம் தேவைப்பட்டது. எங்கள் தோட்டங்களிலும் படித்த பிள்ளைகள் சிலர் அப்பாவின் தப்பைத் தொடக் கூச்சப்படுகிறார்கள். அந்தக் கூச்சத்தை அவர்கள் தாங்களாக உண்டாக்கிக்கொள்ளவில்லை. சாதி அவர்கள் மேல் ஏற்றிவைத்தது.

தேயிலை மலைகளும் ஆவணப்படமும் சந்தித்த கதை ஒன்றைச் சொல்லாமல் இந்தக் கட்டுரை முழுமையாகாது. 1934இல் பசில் ரைட் இங்கே வந்து ‘சோங் ஒஃப் சிலோன்’ படத்தை எடுத்தார். செலவு தேயிலை விளம்பரச் சபையுடையது. தயாரிப்பு ஜோன் கிரியர்சன். படம்பிடிப்பு ஒலியில்லாமல் நடந்தது. ஒலியெல்லாம் பிறகு லண்டனில் வோல்ட்டர் லீயோடு சேர்ந்து கட்டப்பட்டது. கதைகூறும் குரல் லயனல் வென்ட்டுடையது. வாசகம் 1681இல் ரொபர்ட் நொக்ஸ் எழுதிய நூலிலிருந்து. ஒலித்தொகுப்பின் வரலாற்றில் அது பெரிய படம், 1935இல் பிரசல்ஸ் விழாவில் பரிசும் பெற்றது. அதன் மூன்றாம் பகுதியில் கொழுந்து பறிக்கிற பெண்கள் வருகிறார்கள். அவர்கள் கை அசைகிறது. கேட்பதோ சந்தை விலை, கடிதம், கப்பல் செய்தி. வணிகம் இந்த மலையை எப்படிப் பேசவிடாமல் செய்தது என்பதைக் காட்டவே ரைட் அப்படிக் கோர்த்தார் என்று வாதிடலாம், நானும் அதை ஏற்கிறேன். ஆனால் அந்தப் பெண்களுக்கும் ஒரு பாட்டு இருந்தது. அதைக் கேட்கிற காது தொகுப்பு மேசையில் இல்லை. தொண்ணூறு ஆண்டு கழித்தும் மலையகத்தைப் பற்றிய எத்தனையோ படங்களில் கொழுந்துக் கூடை வருகிறது, மேலே யாரோ பேசுகிறார்கள்.

இந்த நாட்டில் தொகுப்புக் கலைக்கு நல்ல மரபு இல்லாமல் இல்லை. 1948இல் தொடங்கிய அரசாங்கத் திரைப்படப் பிரிவில் பழகிய டைட்டஸ் தொட்டவத்த, 1956இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் ‘ரேகாவ’வைத் தொகுத்தார், பின்னாளில் தானே இயக்கினார், ரூபவாஹினியில் சிறுவர் தொடர்களுக்குச் சிங்களக் குரல் கொடுக்கும் வேலையில் பெரும்பெயர் பெற்றார். சுமித்ரா பீரிஸ் லண்டனில் படித்துவந்து ‘கம்பெரலிய’வைத் தொகுத்து, 1978இல் ‘கெஹெனு லமாய்’ மூலம் இயக்குநரானார். தமிழில், அதிலும் மலையகத்தில், அப்படி ஒரு தொடர்ச்சி உருவாகவில்லை. தோட்டத் தொழிலாளரைப் பற்றி வி. பி. கணேசன் ‘புதிய காற்று’ கொண்டுவந்தது 1975இல். அந்தக் காற்று எங்கள் பிள்ளைகளுக்குத் தொகுப்பு அறையைத் திறக்கும் முன்பே நின்றுபோயிற்று.

பதுளையும் மொனராகலையும் சேர்ந்த எங்கள் ஊவாவிலே கோர்க்க என்ன இருக்கிறது? செலிக்மன் தம்பதியர் 1907, 1908இல் வேடர்களிடையே ஒலிப்பதிவுக் கருவியோடு திரிந்து பாட்டைப் பதிந்தார்கள். 1911இல் வந்த அவர்களுடைய நூலில் அந்த இசைக்குத் தனி அத்தியாயம் உண்டு. கதிர்காமம் மொனராகலை மாவட்டத்தில்தான் இருக்கிறது. ஆடித் திருவிழாவில் தமிழரின் காவடிப் பாட்டும் சிங்களவரின் பெரஹரா மேளமும் பள்ளிவாசலில் பக்கீர்களின் றபானாவும் ஒரே இரவில் கேட்கும். ஸி. வி. வேலுப்பிள்ளை தொகுத்த ‘மலைநாட்டு மக்கள் பாடல்கள்’ 1983இல் நூலானது. வரி இருக்கிறது, மெட்டைத் தெரிந்த கிழவிகள் ஒவ்வொருவராகப் போய்க்கொண்டிருக்கிறார்கள். காமன் கூத்து, பொன்னர் சங்கர், அர்ச்சுனன் தபசு மூன்றும் இன்னும் ஆடப்படுகின்றன.

ஒப்பாரியைத் தனியாகச் சொல்ல வேண்டும். 2014 ஒக்டோபர் 29இல் கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியது. அடுத்த நாட்களில் தொலைக்காட்சியில் பார்த்த அழுகை எல்லாம் ஐந்து பத்து நொடித் துண்டுகள். ஒப்பாரி தெரிந்த காதுக்கு அது வெறும் அழுகையில்லை. இறந்தவரை உறவு சொல்லி அழைப்பது, அவர் கொடுத்ததைச் சொல்வது, தான் நிற்கிற நிலையைச் சொல்வது, மூச்சை இழுத்து அடிக்குத் திரும்புவது என்று அதற்கு ஒரு நடை உண்டு. மொழி தெரியாத தொகுப்பாளர் முகம் சுருங்குகிற இடத்தில் வெட்டுவார். வரி அப்போதுதான் தொடங்கியிருக்கும். துக்க வீட்டில் படம் எடுப்பதே சரியா என்பது வேறு கேள்வி, பல நேரம் சரியில்லை என்பதே என் பதில். எடுத்துவிட்டால், அடி முடிகிறவரை விடுவதுதான் மரியாதை.

இனிப் பிழைப்பு. இசை ஆவணப்படத்தை மட்டும் தொகுத்துக் குடும்பம் நடத்த ஊவாவில் இன்று வழியில்லை, பிள்ளைகளிடம் அதை மறைக்கக் கூடாது. வழி கலந்த வழிதான். பதுளை, பண்டாரவளை, மொனராகலை ஸ்டூடியோக்களில் கல்யாணமும் சாமத்தியச் சடங்கும் கோயில் திருவிழாவும் தொகுத்துச் சோறு. அரசசார்பற்ற நிறுவனங்களின் பத்து நிமிடப் படங்களில் கொஞ்சம் காசு. கொழும்புத் தொலைக்காட்சிகளில் உதவியாளர் வேலை. கல்யாண வீடியோவை யாரும் இளப்பமாகப் பேச வேண்டாம். நாதஸ்வரத்தில் கெட்டிமேளம் எழும்புகிற அந்த நொடிக்குத் தாலி, அட்சதை, தாயின் முகம் மூன்றையும் சேர்த்துப் பொருத்தப் பழகியவனுக்கு இசைத் தொகுப்பின் பாதி கையில் வந்துவிடும். டாவின்சி ரிசால்வ் போன்ற மென்பொருள் இலவசமாகவே கிடைக்கிறது. செலவு கணினியிலும், ஒன்றுக்கு இரண்டாக வைத்திருக்க வேண்டிய ஹார்ட் டிஸ்கிலும்தான்.

மொனராகலைப் பிள்ளைக்கு ஒரு பலம் உண்டு. சுற்றிலும் சிங்களம் பேசுகிற ஊர்களுக்கு நடுவே வளர்வதால் இரண்டு மொழியும் நாக்கில் இருக்கும். இரண்டு மொழிப் பேட்டியையும் மொழிபெயர்ப்பு இல்லாமலே கேட்டு வெட்டக்கூடிய தொகுப்பாளர்கள் கொழும்பிலேயே குறைவு. உரிமை விஷயத்தையும் அவர்கள் தெரிந்துகொள்ள வேண்டும். 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் ஆக்கியவரின் ஆயுளோடு மேலும் 70 ஆண்டுகள் பதிப்புரிமை தருகிறது. நாட்டார் கலை வெளிப்பாடுகளையும் தனியாகக் காக்கிறது. காமன் கூத்து யாருக்கும் சொந்தமில்லை என்று எடுத்து விற்க முடியாது. கூத்து வாத்தியாரிடம் என்ன எடுக்கிறோம், எங்கே காட்டுவோம், காசு வந்தால் எப்படிப் பங்கு என்று எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொள்வதும், தொகுத்ததை முதலில் அவர் லயத்துச் சுவரில் போட்டுக் காட்டுவதும் தொகுப்பாளரின் வேலைக்குள் அடங்கும்.

நான் அப்படிக் காட்டிய ஓர் இரவு நினைவிருக்கிறது. இருபத்திரண்டு நிமிடப் படம். முதல் அடியிலேயே தப்பு உச்சத்தில் கேட்கும்படி தொடங்கியிருந்தேன். பார்த்து முடித்த வாத்தியார், “தம்பி, காய்ச்சுறத எங்க?” என்றார். கவ்வாத்தில் வெட்டிய தேயிலை மிலாறைப் போட்டு நெருப்பு மூட்டித் தப்புக்கு அனல் காட்டுகிற பகுதியை ஆட்டத்துக்கு வெளியே என்று வெட்டிவிட்டிருந்தேன். “காய்ச்சாம எப்படித் தம்பி அது பேசும்? அதையும் போடுங்க.” திரும்பப் போய்ப் பதிவைக் கேட்டேன். குளிர்ந்த தோலில் முதல் தட்டு மண்ணில் குத்தினாற்போல் மொத்தென்று விழுகிறது. அனலில் திருப்புகிறார், விரலால் தட்டுகிறார், திருப்புகிறார். நாலாவது தட்டில் ஓர் ஓரம் மட்டும் கணீரென்கிறது. அவர் தலையைச் சாய்த்துக் கேட்கிறார்; அந்த ஓரத்தை விட்டு மறு ஓரத்தைக் காட்டுகிறார். கடைசித் தட்டில் முழுத் தோலும் ஒரே சுருதியில் எழும்ப, பின்னால் இருட்டில் ஒரு நாய் குரைக்கிறது. ஒரு நிமிடம் ஐம்பது நொடி. நாயையும் எடுக்கவில்லை. படம் இப்போது அங்கிருந்துதான் தொடங்குகிறது.